துனீசியாவில், ஸ்ஃபாக்ஸ் நகரில் இருக்கும் மகனுக்கு

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. போனில் இந்த விஷயம் வந்தாலே நாம் இரண்டு பேரும் கத்த ஆரம்பித்துவிடுகிறோம், அம்மா போனைப் பிடுங்கிக்கொள்கிறாள், அதனால்தான் எழுதுகிறேன். "பென் அலி காலமே தேவலாம்னு இந்த ஊர்க்காரங்களே சொல்றாங்கப்பா, ஜனநாயகம் என்ன சோறா போட்டுச்சு" என்று கேட்டாய், 2011-ல் மக்கள் துரத்தியடித்த அந்தச் சர்வாதிகாரியைப் பற்றி. உன்னோடு வேலை பார்க்கிறவர்கள் பொய் சொல்வதாக நான் நினைக்கவில்லை. 2010-ல் ஒரு டாலருக்கு ஒன்றரை தினாருக்கும் குறைவு, இன்று ஏறக்குறைய மூன்று தினார். சம்பளம் அந்த வேகத்தில் ஏறாதவன் பழைய காலத்தை நினைத்துப் பெருமூச்சுத்தான் விடுவான். ஆனால் அதைக் கேட்டுவிட்டு நீ "கண்டிப்பான ஆள் ஒருத்தர் இருந்தா எல்லாம் சரியாயிடும்" என்கிறாய் பார், அங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது.

முதலில் பென் அலி காலத்தையே எடுத்துக்கொள். அவர் குடும்பத்தோடு தொடர்புள்ள 220 கம்பெனிகளை உலக வங்கி ஆய்வாளர்கள் பிறகு கணக்கெடுத்துப் பார்த்தார்கள். நாட்டின் வேலைவாய்ப்பில் அந்தக் கம்பெனிகளின் பங்கு ஒரு சதவீதம்கூட இல்லை, தனியார் துறை லாபத்தில் மட்டும் 21 சதவீதம் அவர்களுடையது. இதே உலக வங்கிதான் அவர் இருந்தவரை துனீசியாவை முன்மாதிரி நாடு என்று மெச்சிக்கொண்டிருந்தது, அது தனிக் கூத்து.

எல்லோரும் சிடி பூசித் ஊரில் 2010 டிசம்பர் 17 அன்று, தள்ளுவண்டியைப் பறிகொடுத்த முகமது பூஅஜீஜி தீக்குளித்ததிலிருந்து பென் அலியைத் துரத்திய கதையைத் தொடங்குவார்கள். நான் 2008-லிருந்து தொடங்குவேன். உன் தொழிற்சாலைக்குப் பாஸ்பேட் வருகிற கஃப்சா பகுதியில், அரசுச் சுரங்கக் கம்பெனி வேலைக்கு ஆள் எடுத்து ஒரு பட்டியல் போட்டது. தகுதி உள்ளவர்களை விட்டுவிட்டு வேண்டப்பட்டவர்களுக்கு வேலை போயிருந்தது. ரெதெயெஃப் என்ற சின்ன ஊர் ஆறு மாதம் கொந்தளித்தது, போலீஸ் சுட்டது, சிறை நிரம்பியது. அந்தப் பட்டியல் தில்லுமுல்லில் உள்ளூர்த் தொழிற்சங்கத் தலைமைக்கும் பங்கு இருந்தது. நான் ஆயுள் முழுக்கச் சங்கத்துக்காரன், ஆனாலும் இதைச் சொல்லாமல் விட முடியாது. போராட்டத்தை நடத்தியவர்களும் அதே சங்கத்தின் கீழ்மட்ட ஆட்கள்தான், ஆசிரியர்கள்.

அவர்கள் கேட்டதெல்லாம் வேலை. கடற்கரையோரம் சூஸ், மொனாஸ்திர், ஸ்ஃபாக்ஸ் எல்லாம் ஹோட்டலும் தொழிற்சாலையுமாக வளர, உள்நாட்டில் இருக்கிற கஃப்சாவும் கசரீனும் சிடி பூசிதும் பாஸ்பேட்டையும் கோதுமையையும் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு நின்றன. 2011 ஜனவரி 14 அன்று பென் அலி சவூதிக்கு ஓடினார். இந்த வேலைக் கேள்வி மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தது.

அடுத்து வந்தவர்கள் ஒன்றுமே செய்யவில்லை என்று சொல்லாதே. 2013-ல் ஷொக்ரி பெலயீது, முகமது பிராஹ்மி என்று இரண்டு இடதுசாரித் தலைவர்கள் ஆறு மாத இடைவெளியில் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். எகிப்தில் அந்த ஜூலையில்தான் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது, லிபியா துண்டு துண்டாகிக்கொண்டிருந்தது, துனீசியாவும் அப்படிப் போயிருக்க எல்லா வாய்ப்பும் இருந்தது. அப்போது யுஜிடிடி தொழிற்சங்கம், முதலாளிகள் சங்கம், வழக்கறிஞர் சங்கம், மனித உரிமைக் கழகம் நான்கும் சேர்ந்து எல்லாக் கட்சிகளையும் ஒரே மேஜையில் உட்காரவைத்தன. ஆட்சியில் இருந்த எந்நஹ்தா என்ற இஸ்லாமியக் கட்சி தானாக இறங்கியது, 2014 ஜனவரியில் புது அரசியல் சாசனம் வந்தது. 2015-ல் அந்த நால்வர் அணிக்கு நோபல் அமைதிப் பரிசு. தொழிலாளியும் முதலாளியும் சேர்ந்து ஒரு நாட்டைக் காப்பாற்றி நோபல் வாங்கியது வேறு எங்கே நடந்திருக்கிறது, சொல்.

கோட்டை விட்டது பணக் கணக்கில். பத்து வருடத்தில் ஏறக்குறைய பத்து அரசாங்கங்கள், எல்லாமே கூட்டணி, யாருக்கும் பிடிக்காத முடிவை யாரும் எடுக்கவில்லை. போராட்டம் என்றால் அரசு வேலை கொடுத்து அடக்கினார்கள். கஃப்சாவில் "சுற்றுச்சூழல் கம்பெனி" என்று ஒன்றை உண்டாக்கி, வேலையே இல்லாமல் ஆயிரக்கணக்கான பேருக்குச் சம்பளம் போட்டார்கள். அதுவும் கிடைக்காதவன் போய் ரயில் பாதையில் உட்கார்ந்தான், பாஸ்பேட் வண்டி நின்றது. 2010-ல் 80 லட்சம் டன் வெட்டிய நாடு அப்புறம் அதில் பாதியை எட்டுவதற்கே திண்டாடியது. அரசு ஊழியர் சம்பளம் நாட்டு உற்பத்தியில் பத்து சதவீதமாக இருந்தது பதினாறு, பதினேழுக்குப் போனது. இதற்கு நடுவே 2015-ல் பார்தோ அருங்காட்சியகத்திலும் சூஸ் கடற்கரையிலும் பயங்கரவாதிகள் சுற்றுலாப் பயணிகளைச் சுட்டுத் தள்ள, ஹோட்டல்கள் காலியாகின. ஐஎம்எஃப், அதாவது சர்வதேச நிதியத்தின் கடன் 2013-ல் ஒரு முறை, 2016-ல் ஒரு முறை. ஓட்டுப் போட்டவனுக்கு இதில் என்ன தெரியும்? யார் வந்தாலும் விலை ஏறுகிறது, அதுதான் தெரியும்.

அப்படித்தான் 2019 அதிபர் தேர்தலில் கட்சியே இல்லாத சட்டப் பேராசிரியர் கைஸ் சயீத் 72 சதவீதத்துக்கு மேல் வாங்கி ஜெயித்தார். 2021 ஜூலை 25 அன்று நாடாளுமன்றத்தை முடக்கினார். கொரோனா சாவு உச்சத்தில் இருந்த நேரம், மக்கள் தெருவில் ஹாரன் அடித்துக் கொண்டாடினார்கள். நீ சொல்கிற கண்டிப்பான ஆள் கையில் அன்றிலிருந்து முழு அதிகாரம் இருக்கிறதே தம்பி, வேலை வந்துவிட்டதா? அடுத்த வருடம் அவர் எழுதிய சாசனத்துக்கான வாக்கெடுப்புக்கு வந்தவர்கள் 30 சதவீதம். அந்த டிசம்பரில் நாடாளுமன்றத் தேர்தலுக்கு வந்தவர்கள் சுமார் 11 சதவீதம். 2024-ல் அவர் 90 சதவீதம் வாங்கினார், போட்டியிட நினைத்த முக்கியமானவர்கள் பலர் சிறையில், வாக்காளர்களில் முக்கால்வாசிப் பேர் வீட்டில். இடையில் சர்க்கரை, காப்பி, ரொட்டி எல்லாவற்றுக்கும் வரிசை நின்றது. கேட்டால் பதுக்கல்காரர்கள் சதி என்றார்.

ஒரு விஷயத்தில் மட்டும் அவரை நான் குறை சொல்ல மாட்டேன். 2023-ல் ஐஎம்எஃப் நிபந்தனைகளை ஏற்க முடியாது என்றார். 1984-ல் இதே மாதிரி மானியத்தை வெட்டி ரொட்டி விலையை ஏற்றியபோது நாடே பற்றி எரிந்து, பலர் சுடப்பட்டுச் செத்து, கடைசியில் அப்போதைய அதிபர் புர்கீபா டிவியில் வந்து விலையைத் திரும்பப் பெற்றார், அது அங்கே யாருக்கும் மறக்கவில்லை. திவாலாகும் என்று வெளிநாட்டுக்காரர்கள் நாள் குறித்தார்கள், ஆகவில்லை. சுற்றுலாவும் ஆலிவ் எண்ணெயும் வெளிநாட்டுத் துனீசியர்கள் அனுப்பும் பணமும் கைகொடுத்தன. ஆனால் ஐஎம்எஃப் வேண்டாம் என்றவர் 2024-ல் மத்திய வங்கியிடமிருந்தே 700 கோடி தினார் வாங்கினார். அது கடனை இடம் மாற்றியது, அவ்வளவுதான்.

உன் கம்பெனி விஷயத்துக்கு வருகிறேன். ஸ்கீராவில் நீங்கள் காய்ச்சும் பாஸ்பாரிக் ஆசிட் இங்கே டிஏபி உரம் ஆகிறது, உங்கள் ஸ்கீரா ஆலையில் இரண்டு இந்திய உர நிறுவனங்களுக்குப் பங்கு இருக்கிறது. தெற்கே கொஞ்ச தூரத்தில் காபெஸ் இருக்கிறதே, கடலோரப் பாலைவனச் சோலை, அங்கே அரசு ரசாயன ஆலை வருடக்கணக்காக ஜிப்சக் கழிவைக் கடலில் விட்டு மீன்வளத்தைக் கெடுத்துவிட்டது. கழிவு விடும் பிரிவுகளை மூடுவோம் என்று 2017-ல் சொன்னார்கள். 2025-ல் பள்ளிப் பிள்ளைகள் மூச்சு முட்டி ஆஸ்பத்திரிக்குப் போனார்கள், அக்டோபரில் ஊரே கடையடைத்துத் தெருவுக்கு வந்தது. மூடினால் அந்நியச் செலாவணி போகும், வேலை போகும். மூடாவிட்டால் பிள்ளைகள். கண்டிப்பான ஆள் வந்தும் இதற்கு ஒரு பதில் இல்லை, ஏனென்றால் பதில் சொல்ல அந்த ஊர்க்காரர்களோடு உட்கார்ந்து பேச வேண்டும், அவருக்கு அது பிடிக்காது.

ஒரு எச்சரிக்கை. 2022-ல் போட்ட ஆணை 54-இன்படி பொய்ச் செய்தி பரப்பினால் ஐந்து வருடம் சிறை, எது பொய் என்பதை ஆட்சியில் இருப்பவர்கள் சொல்வார்கள். பத்திரிகைக்காரர்களும் வக்கீல்களும் அதில் உள்ளே போயிருக்கிறார்கள். ஃபேஸ்புக்கில் ஒன்றும் எழுதாதே, வேலை பார்க்கிற இடத்தில் அரசியல் பேசினால் கேட்டுக்கொள், அதோடு விடு. என்னிடம் சண்டை போட வேண்டுமானால் ஊருக்கு வரும்போது போடு.

அப்புறம் லீவு நாளில் ரூமில் படுத்துக் கிடக்காமல் கெர்கென்னா தீவுக்குப் போய் வா, படகு ஸ்ஃபாக்ஸிலிருந்தே போகிறது. யுஜிடிடியைத் தொடங்கிய ஃபர்ஹாத் ஹஷெது பிறந்த ஊர் அது. 1952-ல் பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அங்கே வயதானவர்கள் யாராவது பிரெஞ்சில் பேசினால் பேச்சுக் கொடுத்துப் பார், 2013-ஐப் பற்றிக் கேள். பென் அலி காலம்தான் நல்லது என்று அவர்களும் சொன்னால் அதையும் மறைக்காமல் எனக்கு எழுது.

அம்மா மூட்டு வலிக்குத் தைலம் போதும் என்கிறாள், ஆலிவ் எண்ணெய் ஐந்து லிட்டர் வேண்டாமாம், இரண்டு போதும்.

அப்பா
தூத்துக்குடி