கலாவுக்கு, சிட்னியிலிருந்து

சிட்னி
2023 செப்டம்பர் 10

அன்புள்ள கலா,

திட்டித் தீர்த்துவிடு. மே மாதக் கடிதத்துக்கு செப்டம்பரில் பதில் போடுகிறவளை வேறு என்ன செய்வது? அம்மாவின் முழங்கால் தேவலையா? இங்கே எல்லோரும் நலம். முருங்கைக்கன்றுதான் இந்தக் குளிரில் போய்ச் சேர்ந்துவிட்டது, மூன்றாவது தடவையாக. சிரிக்காதே.

ஸ்டான் கிராண்டை நினைவிருக்கிறதா? இங்கத்து அரசுத் தொலைக்காட்சியான ஏபிசி-யில் திங்கள் இரவு விவாதம் நடத்துவாரே, "குரலுக்காகவே செய்தி கேட்கலாம்டி" என்று நீ சொன்ன ஆள். வேலையை விட்டுவிட்டார்.

மே 6, சார்லஸ் மன்னரின் முடிசூட்டு விழா. அதற்கு முன் ஏபிசி-யில் ஒரு கலந்துரையாடல். அந்த மகுடத்தின் பேரால் விராஜுரி என்னும் தன் பூர்வகுடி மக்களுக்கு நடந்தவற்றை அவர் பேசினார். பேசத்தானே கூப்பிட்டார்கள்? அப்புறம் வசவு மழை, குடும்பத்தையும் சேர்த்து. நிறுவனத்தின் மேலிடத்தில் ஒருவர்கூட வெளிப்படையாகத் தனக்காகப் பேசவில்லை என்று அவரே எழுதினார். மன்னிப்பெல்லாம் அதற்குப் பிறகுதான் வந்தது.

மே 22 கடைசி நிகழ்ச்சி. துணி தேய்த்துக்கொண்டே பார்த்தேன். என்னைக் காயப்படுத்த நினைத்தீர்கள் என்றால் ஜெயித்துவிட்டீர்கள் என்றார். அதோடு விட்டிருக்கலாம். இவ்வளவு வெறுக்கும்படி நான் ஏதாவது செய்திருந்தால் வருந்துகிறேன் என்றும் சொன்னார், கலா! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு சட்டைக் காலர் கருகியது. யாருடையது என்று கேட்காதே, அவருக்கு இன்னும் தெரியாது.

அன்று "யிந்தியமரா" என்ற சொல்லையும் சொன்னார். விராஜுரி மொழியில் மரியாதை என்று பொருள். மரியாதை தெரிந்தவர் விலகிப் போகிறார், பார்த்தாயா.

அதிலிருந்து அவரைப் பற்றித் தேடித் தேடிப் படிக்கிறேன். மர அறுவை மில் தொழிலாளியின் பிள்ளை. பிழைப்புக்காக ஊர் ஊராக அலைந்த குடும்பம். 1992-லேயே செவன் தொலைக்காட்சியில் 'ரியல் லைஃப்' என்ற நிகழ்ச்சியை நடத்தியிருக்கிறார். பிறகு சிஎன்என், ஹாங்காங், பெய்ஜிங். இதெல்லாம் சரி, யாரும் சொல்வார்கள். என்னைத் தூங்கவிடாதது அவர் அப்பா கதை.

அப்பா பெயரும் ஸ்டான் கிராண்ட்தான். அவர் சிறுவனாக இருந்தபோது தாத்தா தெருவில் அவரை விராஜுரியில் கூப்பிட்டிருக்கிறார். அது போலீஸ்காரர் காதில் விழுந்தது. கிழவரைப் பிடித்து உள்ளே போட்டுவிட்டார்கள். பேரனைக் கூப்பிட்டதற்கு! அந்தப் பேரன்தான் வளர்ந்தபின் ஜான் ரடர் என்ற மொழியியலாளரோடு சேர்ந்து விராஜுரிக்கு அகராதி போட்டார், வகுப்பெடுத்தார். இன்று சார்லஸ் ஸ்டர்ட் பல்கலைக்கழகத்தில் அந்த மொழிக்குப் பாடத்திட்டமே இருக்கிறது.

அக்டோபர் 14 அன்று இங்கே வாக்கெடுப்பு. நாடாளுமன்றத்துக்கு ஆலோசனை சொல்ல 'குரல்' என்று பூர்வகுடிகளுக்கு ஓர் அமைப்பு, அதற்கு அரசியல் சட்டத்தில் இடம் தரலாமா என்று கேட்கிறார்கள். எதிர்வீட்டுக்காரர் "வேண்டாம்" அட்டையை வேலியில் கட்டிவிட்டார். நல்ல மனிதர், நாங்கள் ஊருக்குப் போனால் செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிறவர். என்ன பேசுவது சொல்?

இன்னொன்று. போன வருஷம் நீ கூப்பிட்டபோது பாதியில் வைத்துவிட்டேனே, சிக்னல் போச்சு என்றேனே. சிக்னல் போகவில்லை. ரயிலில் இருந்தேன், பக்கத்து சீட்டில் ஒருத்தி திரும்பிப் பார்த்தாள். அவ்வளவுதான், ஒரு வார்த்தைகூட அவள் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கூப்பிடு. ரயிலில் இருந்தாலும் எடுப்பேன். வார்டன் மாதிரி பேசிக்காட்டினால் மட்டும் வைத்துவிடுவேன்.

உன்,
மீனா