அலாஸ்காவின் சால்மன் மீனும் ஒரு பழைய படமும்

ஆசிரியருக்கு வணக்கம்.

பழைய சாகசப் படங்களைப் பற்றி எழுதும்போது 1930-இல் வந்த 'தி சில்வர் ஹோர்ட்' படத்தையும் கட்டாயம் சேர்த்துக்கொள்ளுங்கள். ஜோயல் மெக்ரீ, எவலின் ப்ரெண்ட், ஜீன் ஆர்தர் நடித்தது. காதல் கதை சுமார்தான், அதை விடுங்கள். அலாஸ்காவில் சால்மன் தொழில் தொடங்க வருபவனைப் போட்டிக்காரன் குறுக்கு வழியில் முடக்கப் பார்ப்பதுதான் படத்தின் உயிர். நிஜத்திலும் அங்கே சியாட்டில், சான்பிரான்சிஸ்கோ முதலாளிகளின் டப்பா மீன் ஆலைகள், ஆற்றுக்குத் திரும்பும் சால்மனை வழியிலேயே மடக்கும் பெரிய பொறிகளைக் கடலில் நிறுத்தி மீனை அள்ளிக்கொண்டு போக, படகில் வலை போடும் உள்ளூர்க்காரர்கள் வயிறெரிந்தார்கள். காவலாளிக்குக் காசு கொடுத்துப் பொறியிலிருந்தே மீன் திருடியவர்களும் உண்டு. 1959-இல் மாநிலமான பிறகுதான் அலாஸ்கா அந்தப் பொறிகளை ஒழித்தது. இந்தப் பின்னணியையும் சேர்த்து எழுதினால் இளைஞர்கள் படத்தைத் தேடிப் பார்ப்பார்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்