வாய் திறக்காத மார்லேனேவுக்கும் கையேட்டில் ஒரு வரி கொடுங்கள்

ஃபாஸ்பிண்டர் படவரிசை நடத்தும் விழாக் குழுவினருக்கு,

வணக்கம். ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் படங்களை யார் திரையிட்டாலும் கையேட்டில் முதலில் அவர் பெயர், அப்புறம் நடிகை ஹன்னா ஷிகுலா, இடம் மிச்சமிருந்தால் இன்னொரு நடிகை மார்கிட் கார்ஸ்டென்சன். நடிகை இர்ம் ஹெர்மான் மட்டும் 'மற்றும் பலர்' மூட்டைக்குள் போய்விடுகிறார். ஃபாஸ்பிண்டரின் 1966 குறும்படத்திலிருந்தே கூட இருந்தவர், கிட்டத்தட்ட 20 படங்களில் நடித்தவர், அவர் எப்படி 'பலர்' ஆனார்?

1972-இல் வந்த 'பெட்ரா ஃபொன் கான்ட்டின் கசந்த கண்ணீர்' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கறுப்பு உடையில் வரும் உதவியாளர் மார்லேனேதான் இர்ம் ஹெர்மான், படம் முழுக்க ஒரு வார்த்தை பேசுவதில்லை. எஜமானி பெட்ரா (கார்ஸ்டென்சன்) தன் கல்யாணக் கதையை அளந்துகொண்டிருப்பாள், மார்லேனே வரைவாள், தட்டச்சு செய்வாள், கேட்டதைக் கொண்டுவந்து கொடுப்பாள், நாமோ கொஞ்ச நேரத்தில் பேசுகிறவளை விட்டுவிட்டு இவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்போம். கடைசியில் பெட்ரா மனமிரங்கி "உன்னைப் பற்றிச் சொல்" என்கிற மாதிரி கேட்டதும் இவள் பெட்டியை எடுக்கிறாள். துணிமணியோடு ஒரு கைத்துப்பாக்கி, ஒரு பொம்மை, அவ்வளவுதான், கிளம்பிவிடுகிறாள். (முடிவைச் சொல்லிவிட்டேன், மன்னியுங்கள்.) சினிமாவுக்கு வருமுன் இர்ம் ஹெர்மான் ம்யூனிக்கில் நிஜமாகவே செயலாளராக வேலை பார்த்தவர். அந்த விரல்களுக்குத் தட்டச்சு தெரியும்.

ஃபாஸ்பிண்டரின் 'நான்கு பருவங்களின் வியாபாரி'யில் இவர் தள்ளுவண்டிப் பழக்காரரின் மனைவி. கணவனைப் புதைத்துவிட்டுக் காரில் திரும்பும்போதே அவன் நண்பனிடம் சேர்ந்து வாழ்வது பற்றிக் கேட்கிறாள், ஏதோ கடைக்கணக்கு பேசுகிற குரலில். அந்த நடிப்புக்கு 1972-இல் ஜெர்மன் திரைப்பட விருதும் கிடைத்தது. அப்படியும் 'பலர்'!

1982-இல் ஃபாஸ்பிண்டர் இறந்ததோடு இவர் கதை முடிந்துவிடவில்லை. மேடை, தொலைக்காட்சி, வானொலி நாடகம் என்று ஓடிக்கொண்டே இருந்தார். 1991-இல் ஜெர்மன் நகைச்சுவைக் கலைஞர் லோரியோவின் படம் 'பாப்பா ஆன்டே போர்ட்டாஸ்'. அதே விறைத்த முகம்தான், இங்கே சிரிக்க வைக்கிறது. 2020-இல் பெர்லினில் இறந்தார்.

சரி, நான் கேட்பது ஒரே ஒரு மாலை. பழக்காரர், பெட்ரா, லோரியோ, மூன்றையும் இர்ம் ஹெர்மான் பெயரில் அடுத்தடுத்துப் போடுங்கள். கையேட்டுக்குப் படம் வேண்டுமென்றால் கார்ஸ்டென்சனின் விக்குகளை இந்த ஒருமுறை விட்டுவிட்டு, அந்தப் பெட்டி அடுக்கும் காட்சியை வையுங்கள்.

இப்படிக்கு,
கடைசி வரிசையிலிருந்து ஒரு பார்வையாளர்