அந்தப் பழைய லேப் கணினியைக் கழித்துத் தள்ளுமுன்

பாலிடெக்னிக் மின்னணுத் துறைத் தலைவர்களுக்கும் ஆய்வக உதவியாளர்களுக்கும்,

வணக்கம். கோவையில் பம்ப்செட் ஸ்டார்ட்டர் போர்டுகளைப் பழுது பார்த்துப் பிழைப்பவன் நான்.

போன வருடம் 2010-ல் வரைந்த போர்டு ஒன்று கைக்கு வந்தது. அதிலிருந்த ரிலே (மின்சாரத்தால் இயங்கும் சுவிட்ச்) இப்போது கிடைப்பதில்லை. மாற்று ரிலேயின் கால்கள் வேறு இடத்தில். நாலு துளையை நகர்த்தினால் வேலை முடிந்தது. கெர்பர் கோப்பு இருந்தது. ஆனால் அது போர்டு அடிப்பவருக்கான படம்தான். எந்தக் கால் எதோடு சேர வேண்டும் என்பது அதில் இராது. மூலக் கோப்போ போர்டு வரையும் மென்பொருளான ஈகிளின் 5-ஆம் பதிப்பில் வரைந்தது. ஈகிள் கோப்புகளைப் படிக்கும் கிகேட் என்ற இலவச மென்பொருள், இதை மட்டும் திறக்க மறுத்தது.

ஈகிள் 6-ஆம் பதிப்பில்தான் எக்ஸ்எம்எல் என்ற எழுத்து வடிவக் கோப்புக்கு மாறியது. அதற்கு முந்தையவை எல்லாம் பைனரி, அதாவது எழுத்தாகப் படிக்க முடியாத கோப்பு. என்னிடம் இருந்த கிகேட்டுக்கு அது புரியவில்லை. நடுவே ஈகிள் 6 அல்லது 7 வேண்டும்: திறந்து, அப்படியே சேமித்தால் போதும். ஒரு கல்லூரி லேபின் மூலையில், தூசி மூடிக் கிடந்த பழைய விண்டோஸ் எக்ஸ்பி கணினியில் ஈகிள் 7 கிடைத்தது. பத்தே நிமிடம். (தூசி தட்டத்தான் நேரமானது.)

அதுபோன்ற கணினியைத்தான் நீங்கள் கழித்துத் தள்ளப் போகிறீர்கள். 2017-ல் ஈகிள் சந்தா முறைக்குப் போனது. 2026 ஜூன் 7-ஓடு விற்பனையும் ஆதரவும் நிற்கும் என்று ஈகிளை வைத்திருக்கும் ஆட்டோடெஸ்க் நிறுவனம் 2023-லேயே அறிவித்தது. ஒரே தடவை பணம் கட்டி வாங்கிய 7-ஆம் பதிப்பு இனி எந்தக் கடையிலும் கிடைக்காது.

மாணவர்களுக்குக் கிகேட்டையே சொல்லிக்கொடுங்கள், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. பழைய புராஜெக்ட் கோப்புகளை மட்டும் ஒருமுறை நோட்பேடில் திறந்து பாருங்கள். முதல் வரியில் 'எக்ஸ்எம்எல்' என்று ஆங்கிலத்தில் தெரிந்தால் கவலையில்லை. கிறுக்கலாகத் தெரிந்தால் இப்போதே மாற்றிச் சேமியுங்கள். கிகேட்டில் இறக்கியபின் செம்புப் பரப்பை மறுபடி நிரப்பி, விதிச் சோதனையையும் ஓட்டிவிடுங்கள்; அப்படியே நம்பி அடிக்கக் கொடுக்க வேண்டாம்.

ஈகிளை நிறுவும் கோப்பு, அதன் லைசென்ஸ் கோப்பு இரண்டையும் வேறொரு டிஸ்கில் நகலெடுத்து வையுங்கள். அதுவரை அந்த எக்ஸ்பி கணினியை இணையத்தில் இணைக்காமல், 'ஃபார்மட் செய்யாதீர்' என்று ஒரு தாள் ஒட்டி வையுங்கள்.

இப்படிக்கு,
ஒரு போர்டு மெக்கானிக்