க்யூ ஷீட்டையும் சொல்லிக்கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தொழில் வழிகாட்டிப் பக்கங்களில் இசையமைப்பாளர் வேலை என்றாலே மெட்டு, குரல், விருது என்றுதான் எழுதப்படுகிறது. சினிமாவிலும் தொடர்களிலும் பின்னணி இசையை நம்பிப் பிழைக்க வருபவருக்கு அது போதாது. படத்தின் நேரக்கணக்கும், எந்த இசைத் துண்டு படத்தில் எங்கே வருகிறது, யாருடையது என்று பதியும் க்யூ ஷீட் என்கிற காகிதமும் தெரியாமல் வந்து சிரமப்படும் பிள்ளைகள் நிறையப் பேர்.

காட்சியின் 37ஆவது வினாடியில் கதவு திறக்கிறது, அங்கே இசை விழ வேண்டும் என்கிறார் இயக்குநர். நிமிடத்துக்கு 120 தாள அடி என்ற வேகத்தில், நாலடி சேர்ந்தது ஒரு பார் (தாளச் சுற்று) என்று போனால் அந்த இடம் 19ஆவது பாரின் நடுவில் மாட்டிக்கொள்ளும். வேகத்தை 116.76 ஆக இறக்கினால் 72 அடி முடிந்து, 19ஆவது பாரின் முதல் அடி சரியாகக் கதவில் விழும். கேட்பவருக்கு வித்தியாசமே தெரியாது. ஆனால் இந்தக் கணக்கெல்லாம் எடிட் லாக் ஆன, அதாவது இனி வெட்டு ஒட்டு இல்லை என்று முடிவான படத்துக்குத்தான். அதன் பிறகு கதவுக்கு முன்னால் எடிட்டர் 18 ஃப்ரேம் வெட்டினால், வினாடிக்கு 24 ஃப்ரேம் ஓடும் படத்தில் அது முக்கால் வினாடி, ஏறக்குறைய ஒன்றரை அடி. கதவு திறந்து ஆள் உள்ளே வந்த பிறகு இசை வரும். லாக் ஆகாத படத்துக்குத் தீம் எழுதி வைத்துக்கொள்ளலாம். வாத்தியக் கலைஞர்களை அழைத்து ஒலிப்பதிவு செய்யக் கூடாது.

படம் 24 ஃப்ரேமா 25 ஃப்ரேமா என்பதை முதல் நாளே எழுத்தில் வாங்க வேண்டும். 24இல் செய்ததை அப்படியே 25இல் ஓட்டினால் பத்து நிமிடத்துக்கு 24 வினாடி குறையும், சுருதியும் கால் கட்டைக்கு மேல் ஏறிவிடும்.

இசையை ஒரே ஸ்டீரியோ கோப்பாகக் கொடுப்பது இன்னொரு தவறு. தாளம், தந்தி வாத்தியங்கள், தனி வாத்தியம், குரல், சிந்தசைசர் என்று ஸ்டெம்களாக, அதாவது தனித்தனிக் கோப்புகளாகப் பிரித்து, எல்லாம் ஒரே டைம்கோடில் (படத்தின் நேரக் குறியீட்டில்) தொடங்கும்படி 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் கொடுக்க வேண்டும். வசனத்தின் தெளிவு பெரும்பாலும் 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் பகுதியில் இருக்கிறது. அங்கே வயலின் மோதினால், ஸ்டெம் கையில் இருக்கும் மிக்சிங் பொறியாளர் வயலினை மட்டும் தாழ்த்துவார். இல்லையென்றால் மொத்த இசையையும் இறக்குவார். அவரைக் குறை சொல்ல முடியாது.

தினசரித் தொடரில் எபிசோடுக்கு எபிசோடு புதிதாக எழுத நேரம் கிடைக்காது. பாத்திரங்களுக்கான தீம்களைச் சோகம், பதற்றம், மெட்டில்லாத வடிவம் என்று முன்கூட்டியே செய்து கொடுத்தால் எடிட்டர் தேவைக்கு எடுத்து ஒட்டிக்கொள்வார். சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. ஒட்டிய ஒவ்வொரு துண்டும் க்யூ ஷீட்டில் ஏற வேண்டும், ஏனென்றால் ராயல்டியை (இசையைப் பயன்படுத்துவதற்கான உரிமைத்தொகையை) பிரிக்கும் சங்கங்கள் முதலில் பார்ப்பது அதைத்தான். துண்டின் பெயர், தொடங்கும் நேரம், முடியும் நேரம், முகப்பு இசையா பின்னணியா என்ற வகை, இசையமைத்தவர் பெயர், அந்தச் சங்கங்கள் அவரை அடையாளம் காணும் ஐபிஐ எண், பங்கு விகிதம், வெளியீட்டாளர் என எல்லாம் அதில் இருக்க வேண்டும். ஒரு இடத்தில் இனிஷியலோடும் இன்னொரு இடத்தில் இல்லாமலும் பெயர் எழுதினால் பணம் உரியவரைச் சேராமல் நிற்கும். இருவர் சேர்ந்து செய்த இசையில் பங்குகளைக் கூட்டினால் நூறு வராவிட்டாலும் அதே கதிதான். ஒலிப்பதிவுப் பட்டியலைப் பார்த்துக் க்யூ ஷீட் தயாரிப்பதும் பிழை. கடைசி மிக்சிங்கில் சில துண்டுகள் போயிருக்கும், சில நீண்டிருக்கும். முடிந்த படத்தை ஓட்டிப் பார்த்துத்தான் நிரப்ப வேண்டும்.

சம்பளத்தில் கவனிக்க வேண்டியது பேக்கேஜ் ஒப்பந்தம், அதாவது எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே தொகை பேசிக்கொள்வது. வாத்தியக் கலைஞர்கள், ஸ்டுடியோ, மிக்சிங் எல்லாச் செலவும் அதற்குள் அடக்கம். எத்தனை முறை திருத்தம், லாக் ஆன பின் மாற்றினால் யார் செலவு, க்யூ ஷீட்டை யார் எத்தனை நாளில் அனுப்புவது என்ற மூன்றையும் எழுதாமல் கையெழுத்துப் போட்டால், திருத்தச் செலவு அத்தனையும் இசையமைப்பாளரின் ஊதியத்திலிருந்தே போகும்.

அடுத்த முறை இந்தத் தொழிலைப் பற்றி எழுதும்போது, நிரப்பிய மாதிரி க்யூ ஷீட் ஒன்றையும் அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
பின்னணி இசைத் துறையில் பணிபுரிவோர்