பீரோ மேலிருந்த வயலின்

பத்மநாபபுரம்
புரட்டாசி, வியாழக்கிழமை

மக்களே,

நேற்றுக் காலையில் சரஸ்வதி அம்மன் திருவனந்தபுரத்துக்குப் புறப்பட்டுப் போனாள். உப்பரிகை மாளிகையில் உடைவாள் கைமாறியது. யானை மேல் அம்மன், பின்னால் பல்லக்கில் வேளிமலை முருகனும் சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும். கோட்டை வாசலில் கூட்டம் நெருக்கித் தள்ளியது. உனக்கு நாலு வயசில் அப்பா தோளில் இருந்துகொண்டு, "அம்மன் எதுக்கு அங்க போறா?" என்று கேட்டாய். "பாட்டு கேக்கப் போறா" என்று சொன்னேன். இப்போதும் என் பதில் அதேதான். குழித்துறையிலும் நெய்யாற்றின்கரையிலும் ராத்தங்கி மூணு நாள் வழி போவது, அங்கே நவராத்திரி மண்டபத்தில் ஒன்பது ராத்திரியும் திருவிதாங்கூர் ராஜா சுவாதித் திருநாள் செய்த கீர்த்தனைகளைக் கேட்கத்தான்.

ஞாயிற்றுக்கிழமை போனில் நீ இரண்டு விஷயம் சொன்னாய். வீட்டுப் பக்கத்திலேயே வயலின் வகுப்பில் சேர்ந்திருக்கிறேன் என்றாய். எனக்குத் தொண்டை அடைத்து, சரி என்பதற்கு மேல் பேச்சு வரவில்லை. பிறகு, சங்கீதக்காரர்களுடைய வாழ்க்கை வரலாறு கொஞ்சம் அனுப்பட்டுமா என்று கேட்டதும், "பாட்டைக் கேட்டா போதாதாம்மா? பாடினவங்க கதை எதுக்கு? எல்லாம் சாமி கதை மாதிரிதானே எழுதி வச்சிருப்பாங்க" என்றாய். அதற்குப் போனில் பதில் சொல்லி முடியாது. அதனால் எழுதுகிறேன்.

உன் பிளஸ் டூ வருஷம் ஜூன் மாதம், நல்ல சாரல் நேரம். நீ வகுப்புக்குக் கிளம்பிக் குடையை எடுத்துவிட்டாய். நான்தான் உன் கையிலிருந்து வயலின் பெட்டியை வாங்கி இரும்பு பீரோ மேலே வைத்தேன். "பரீட்சை முடியட்டும், பிறகு எடுத்துக்கலாம்" என்றேன். நீ அழவில்லை. வில்லுக்குப் போடுகிற அந்தக் குங்கிலியக் கட்டியை மட்டும் பையில் போட்டு மேசை டிராயரில் வைத்தாய். பரீட்சை முடிந்தது, காலேஜ் முடிந்தது, வேலையும் கிடைத்தது. பெட்டி அங்கேயே இருந்தது. வருஷத்துக்கு ஒருமுறை வெள்ளையடிக்கும்போது இறக்கித் தூசி தட்டி மறுபடி மேலே வைப்பேன்.

ரிட்டயர் ஆன பிறகுதான் நான் புத்தகத்தில் உட்கார்ந்தேன் என்று உனக்குத் தெரியும். முதலில் கையில் கிடைத்தது உ.வே.சாமிநாதையர். ஏடு தேடின தாத்தா என்று பள்ளிக்கூடத்தில் படித்ததோடு சரி. அவர் சங்கீதக்காரர் வீட்டுப் பிள்ளை என்பது எனக்கு அதுவரை தெரியாது. அவருடைய அப்பா, கனம் கிருஷ்ணையரிடம் பாட்டுப் படித்தவர். மகன் தமிழ் படிக்க மாயூரத்தில் மகாவித்வான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் போய்ச் சேர்ந்தபோது, அதே ஊரில் நந்தனார் சரித்திரம் பாடிய கோபாலகிருஷ்ண பாரதியார் இருந்தார். அவரிடம் பாட்டும் படித்துக்கொள் என்று அப்பா ஏற்பாடு செய்தார். பையனும் போய்வந்தான். பிள்ளையவர்களுக்கு விஷயம் தெரிந்தது. சங்கீதத்தில் மனசு போய்விட்டால் இலக்கண இலக்கியத்தில் ஊன்றாது என்கிற மாதிரி சொன்னார். பையன் பாட்டை நிறுத்திவிட்டான்.

அந்தப் பக்கத்தை வாசித்தபோது மதியம் மூணு மணி. புத்தகத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு பீரோவை நிமிர்ந்து பார்த்தேன், மக்களே.

இதோடு விட்டிருந்தால் நானும் குருநாதரைக் குறை சொல்லிக்கொண்டு இருந்திருப்பேன். ஆனால் அதே பிள்ளையவர்களைப் பற்றி உ.வே.சா. இன்னொன்றும் சொல்கிறார். நந்தனார் சரித்திரத்துக்குச் சிறப்புப்பாயிரம், அதாவது நூலைப் பாராட்டி முன்னால் வைக்கிற பாட்டு, வேண்டும் என்று பாரதியார் பல தடவை அவர் வீட்டுக்கு நடந்திருக்கிறார். பாட்டில் இலக்கணப் பிழை இருக்கிறது, பெரிய புராணத்தில் இல்லாத சங்கதியெல்லாம் இருக்கிறது என்று பிள்ளையவர்களுக்கு மனசு ஒப்பவில்லை. ஒருநாள் அவர் உள்ளே படுத்திருக்கும்போது பாரதியார் திண்ணையில் உட்கார்ந்து தன் பாட்டில் ஒன்றைத் தனக்குத்தானே பாடிக்கொண்டிருந்தார். உள்ளே கேட்டவர் உருகிப் போனார். பாயிரமும் கிடைத்தது. சீடனைப் பாட்டிலிருந்து விலக்கியவரும் திண்ணைப் பாட்டுக்கு உருகியவரும் ஒரே ஆள். இந்த இரண்டையும் சேர்த்து நீ எந்தக் கச்சேரியில் கேட்பாய்? யாராவது எழுதி வைத்தால்தான் உண்டு. அதை எழுதி வைத்ததும் பாட்டு நின்றுபோன அந்தப் பையனேதான். எண்பது வயசு தாண்டி, 1936-இல், பாரதியார், கனம் கிருஷ்ணையர், மகா வைத்தியநாதையர் மூன்று பேருக்கும் வரலாறு எழுதிக் கொடுத்தார். பாடவில்லை என்றாலும் அறுபது வருஷத்துக்கு மேல் அதை மனசில் வைத்திருந்திருக்கிறார்.

சாமி கதை என்று நீ சொன்னதும் தப்பில்லை. அப்படி எழுதினவர்கள் நிறைய. மேல்நாட்டுச் சங்கீத மேதை பீத்தோவனுக்குக் காது கேட்காமல் போனதால் வந்தவர்கள் நோட்டில் எழுதிக் காட்டிப் பேசினார்கள். அந்த நோட்டுகளை அவருடைய உதவியாளர் ஷிண்ட்லர் எடுத்து வைத்துக்கொண்டு, பீத்தோவன் செத்த பிறகு, தான் அவரோடு நெருக்கமாகப் பேசினதுபோல இல்லாத பேச்சுகளை உள்ளே எழுதிச் சேர்த்திருக்கிறார். அது முழுசாக வெளிச்சத்துக்கு வந்தது 1970-களில். நூறு வருஷத்துக்கு மேல் எல்லோரும் அவரை நம்பித்தான் எழுதிக்கொண்டிருந்தார்கள். கோப்பில் பழைய தேதி போட்டுக் குறிப்பு சொருகுகிறவர்களை நான் முப்பது வருஷ சர்வீஸில் பார்த்திருக்கிறேன். எனக்கு அது வாசிக்க வாசிக்க எரிச்சலாக வந்தது. நம்ம சுவாதித் திருநாள் விஷயத்திலும் சச்சரவு உண்டு. அவர் பேரில் உள்ளவை அவர் செய்தவைதானா என்று 1980-களில் வீணை எஸ். பாலச்சந்தர் பெரிய கேள்வியாகவே எழுப்பினார். அம்மன் புறப்பாட்டுக்குக் கைகூப்புகிற நான் அதையும் வாசித்தேன். கைகூப்புவதை அது ஒன்றும் செய்யவில்லை.

அதனால் நான் பென்சிலோடுதான் வாசிக்கிறேன். இது யார் சொன்னது, எப்போது சொன்னது, பார்த்துச் சொன்னதா கேட்டுச் சொன்னதா என்று ஓரத்தில் குறிப்பேன். ஜெர்மன் சங்கீதக்காரர் பாக் சின்ன வயசில் அப்பா அம்மாவை இழந்து அண்ணன் வீட்டில் வளர்ந்தார். அண்ணன் பூட்டி வைத்த இசைச் சுவடியை அழிக்கம்பி வழியே உருவி, நிலா வெளிச்சத்தில் ஆறு மாதம் உட்கார்ந்து நகல் எடுத்தார் என்பது அவர் இறந்த பிறகு 1754-இல் மகனும் ஒரு மாணவரும் எழுதிய குறிப்பில் உள்ளது. வீட்டில் சொல்லிச் சொல்லி வந்த கதை. அழகான கதைதான், ஓரத்தில் ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறேன்.

ஆனால் அடுத்ததற்குக் கேள்விக்குறி கிடையாது. பாக்குக்கு இருபது வயசு, ஆர்ன்ஸ்டாட் என்ற சின்ன ஊரில் சர்ச்சில் ஆர்கன் வாசிக்கிற உத்தியோகம். 1705 கடைசியில் நாலு வாரம் லீவு வாங்கிக்கொண்டு வடக்கே லூபெக் நகரத்துக்குப் போனார், புக்ஸ்டஹூட என்ற பெரியவர் வாசிப்பதைக் கேட்க. ஏறக்குறைய 400 கிலோமீட்டர். நம்ம தக்கலையிலிருந்து திருச்சிக்கு நடக்கிற மாதிரி. திரும்பி வந்ததோ சுமார் நாலு மாதம் கழித்து. 1706 பிப்ரவரியில் மேலதிகாரிகள் கூப்பிட்டு விளக்கம் கேட்கிறார்கள். எங்கே போயிருந்தாய்? தன் கலையில் ஒன்றிரண்டு சங்கதிகளைப் புரிந்துகொள்ளப் போனேன் என்கிறார். நாலு வார லீவுக்கு நாலு மடங்கு இருந்திருக்கிறாயே? எனக்குப் பதில் வாசிக்க ஆள் வைத்துவிட்டுத்தான் போனேன் என்கிறார். அதோடு, பாட்டில் என்னென்னவோ புதுசாகச் சேர்த்து வாசித்து சபையைக் குழப்புகிறார் என்று இன்னொரு குற்றச்சாட்டு. எல்லாம் கேள்வி பதிலாக அப்படியே பதிவாகி இருக்கிறது.

மக்களே, எத்தனை மெமோ தயாரித்த கை இது. லீவு முடிந்து வராதவர்களுக்கு நான் டைப் அடித்த விளக்கக் கடிதங்களை அடுக்கினால் ஒரு பீரோ நிறையும். அந்த விசாரணையில் உட்கார்ந்து குறிப்பெடுத்த குமாஸ்தா, எதிரே நிற்கிற பையன் யாராக ஆகப்போகிறான் என்று தெரியாமல்தான் எழுதியிருப்பார். ஒழுங்காக எழுதினார். அதனால் முந்நூறு வருஷம் கழித்து, ஒரு பையனுக்குக் கேட்கிற ஆசை எவ்வளவு இருந்தது என்று இந்தக் கோட்டைக்குள் இருக்கிற எனக்குத் தெரிகிறது. பாட்டைக் கேட்டால் அவர் போய்ச் சேர்ந்த இடம் தெரியும். அந்த நாலு மாதம் எனக்குப் புத்தகத்தில்தான் கிடைத்தது.

உன் கையில் இருக்கிற வாத்தியத்துக்கே அப்படி ஒரு கதை உண்டு. முத்துசுவாமி தீட்சிதருடைய தம்பி பாலுசுவாமி தீட்சிதர் சென்னைப் பக்கம் இருந்தபோது வெள்ளைக்காரர் ஒருவரிடம் பிடில் பழகி, அதை நம்ம ராகத்துக்குக் கொண்டுவந்தார். தஞ்சை நால்வர் என்கிற அண்ணன் தம்பிகளில் வடிவேலு அதில் கெட்டிக்காரர். சுவாதித் திருநாள் அவருக்கு 1834-இல் தந்தத்தால் ஆன வயலின் ஒன்றைப் பரிசாகக் கொடுத்தார். நம்ம வீட்டு மொட்டைமாடியிலிருந்து தெரிகிற அரண்மனையை ஆண்ட அதே வம்சத்து ராஜா. இது தெரிந்திருந்தால் அந்த ஜூன் மாதம் நான் பெட்டியை வாங்கியிருப்பேனா? தெரியவில்லை. வாங்கியது தப்பு. அதை இந்தக் கடிதத்தில் எழுதித்தான் சொல்ல முடிந்தது.

எழுதப்படாதவர்கள் நினைப்புதான் இப்போது அதிகம் வருகிறது. நீலகண்ட சிவன் 1839-இல் வடிவீஸ்வரத்தில் பிறந்து, நீ சைக்கிளில் சுற்றிவருவாயே, நம்ம நீலகண்டசுவாமி கோயில், அதன் நிழலில் வளர்ந்தவர். அவ்வளவு தமிழ்ப் பாட்டு செய்தவர். கச்சேரியில் இன்னும் பாடுகிறார்கள். இந்த ஊரில் பத்துப் பேரிடம் கேட்டேன், எட்டுப் பேருக்குப் பேரே தெரியவில்லை. கோயில் பிராகாரத்தில் அவர் எந்தத் தூணடியில் உட்கார்ந்து பாடினார் என்று சொல்ல யாரும் இல்லை.

உன் தாத்தாவையே எடுத்துக்கொள். நாற்பது வருஷம் அம்மன் கோயில் கொடைத் திருவிழாக்களில் வில்லுப்பாட்டுக்குக் குடம் அடித்தார். விடிய விடிய இசக்கி கதை நடக்கும். பாட்டு உச்சத்துக்கு ஏறும்போது பத்தி என்கிற மட்டையால் குடத்து வாயில் அடித்து, அடுத்த கையால் வயிற்றில் தட்டி, அந்தச் சத்தத்தைச் சட்டென்று உள்ளே வாங்குவார். நான் பாயில் படுத்தபடி அதற்காகவே முழித்திருப்பேன். அவரைப் பற்றி எழுத்தில் இருப்பது ஒரே ஒரு நாற்பது பக்க நோட்டு. போன மாதம் தட்டில் கிடைத்தது. எந்த ஊர்க் கொடை, எத்தனை ரூபாய், சோறு யார் வீட்டில், பஸ் கூலி எவ்வளவு. ஓர் இடத்தில் மட்டும் பென்சிலில், "இன்று குடம் உடைந்தது, இரவல் குடம், சத்தம் சேரவில்லை" என்று இருக்கிறது. அந்த வரியை எத்தனை தடவை வாசித்தேன் என்று கணக்கில்லை. நோட்டு செல்லரிக்கிறது, அதனால் ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு இரண்டு பக்கமாக நகல் எடுத்துக்கொண்டு வருகிறேன். தேதி தெரியாத இடங்களில் உன் அப்பாவுக்கு ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டு, "கேட்டது" என்று தனியாகக் குறிக்கிறேன்.

பார்சல் நாளைக்கு அனுப்புகிறேன். உ.வே.சா.வின் அந்த மூன்று சின்னப் புத்தகம், பாக் வரலாறு ஒன்று, முந்திரிக்கொத்து ஒரு டப்பா, ஏத்தங்காய் வத்தல். பாரதியாரிலிருந்து ஆரம்பி, மூன்று நாளில் முடித்துவிடலாம். பாக் தடிமன், மெதுவாக வாசி, ஓரத்தில் என் பென்சில் கிடக்கும், அழிக்க வேண்டாம். வயலினை அப்பா நாகர்கோவிலுக்குக் கொண்டுபோய்க் காட்டினார். ஒரு தந்தி அறுந்திருந்தது, தந்தியைத் தாங்குகிற குதிரை சாய்ந்திருந்தது, மற்றபடி மரத்துக்கு ஒன்றும் இல்லை என்றார்களாம். நாலு தந்தியும் புதுசு. தீபாவளிக்கு வரும்போது எடுத்துக்கொள். குங்கிலியக் கட்டி அதே டிராயரில் அதே பையில் இருக்கிறது.

நீ வகுப்பில் சேர்ந்தது எந்தத் தேதி என்று போனில் சொல்லவில்லை. முதல் நாள் என்ன பாடம் எடுத்தார்கள் என்றும் சொல்லு. தாத்தா நோட்டில் கடைசியில் பதினொரு பக்கம் காலியாக இருக்கிறது, அதில் எழுதணும்.

அன்புடன்,
அம்மா