மாண்ட்கோமரி கோர்ட் வாசலில்

அட்லாண்டா,
ஞாயிறு காலை

அன்புள்ள சங்கரா,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிவிட்டது. கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. ஆனால் டாக்டர் படிக்கவே கூடாது என்று சொன்ன பத்து நாளும் நீ பேப்பரைப் பிரித்து வைத்துக்கொண்டுதான் இருந்திருக்கிறாய். இல்லையென்றால் அமெரிக்க ஜட்ஜுகள் மேல் இவ்வளவு கோபம் எங்கிருந்து வரும்?

"எல்லாம் கட்சி ஆள்தானே, ஜனாதிபதி போடுகிறார், செனட் கை தூக்குகிறது, சாகிற வரைக்கும் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார்கள், இதற்குப் பேர் கோர்ட்டா?" என்று கேட்டிருக்கிறாய். நீ சொல்வதில் பாதி சரி. மீதிப் பாதியை எழுதத்தான் உட்கார்ந்தேன். போன சனிக்கிழமை நான் பார்த்துவிட்டு வந்த ஒரு கட்டடம் அதற்குக் காரணம்.

மகளும் மருமகனும் மாண்ட்கோமரிக்குக் கூட்டிப் போனார்கள். அலபாமா மாநிலத்தின் தலைநகரம். இங்கிருந்து காரில் இரண்டரை மணி நேரம். மாநில எல்லை தாண்டியதும் கைபேசியில் மணி ஒன்று பின்னால் போய்விட்டது, பேத்திக்கு அதில் ஒரே குஷி. எனக்கு வழியெல்லாம் முழங்கால் வலி. பெடரல் கோர்ட், அதாவது மத்திய அரசின் கோர்ட், வாசலில் இறங்கியபோதுதான் சனிக்கிழமை என்பதே உறைத்தது. பூட்டு! முப்பத்தொரு வருஷம் பெஞ்ச் கிளார்க்காக இருந்தவன், லீவு நாளில் கோர்ட் வாசலில் போய் நிற்கிறேன். நீ சிரிப்பாய் என்று தெரியும்.

கட்டடத்துக்கு இப்போது பிராங்க் எம். ஜான்சன் என்ற ஜட்ஜின் பெயரை வைத்திருக்கிறார்கள். அந்த ஆளைப் பற்றிச் சொல்கிறேன். ஆனால் அதற்கு முன்னால் உனக்கு ஒன்று புரிய வேண்டும். நம் ஊரில் முன்சீப் கோர்ட், சப் கோர்ட், ஜில்லா கோர்ட், ஹைகோர்ட், அப்புறம் டெல்லி என்று ஒரே ஏணி. மாநிலச் சட்டமோ மத்தியச் சட்டமோ, ஏறுவது அதே ஏணியில்தான். இங்கே ஒரே ஊரில் இரண்டு ஏணி. மாநிலக் கோர்ட் தனி, பெடரல் கோர்ட் தனி. அலபாமாவில் மாநில ஜட்ஜுகளை மக்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறார்கள். அந்தக் காலத்தில் கறுப்பினத்தவரில் பெரும்பாலோரை ஓட்டுப் பதியவே விடவில்லை. அப்படியானால் அந்த ஜட்ஜ் யாருக்குப் பயப்படுவார் என்று நீயே கணக்குப் போட்டுக்கொள்.

1955 டிசம்பர் 1-ஆம் தேதி ரோசா பார்க்ஸ் என்ற கறுப்பினப் பெண் பேருந்தில் வெள்ளையருக்கு இடம் விட மறுத்ததும், ஊர்க் கறுப்பினத்தவரெல்லாம் பேருந்தைப் புறக்கணித்ததும் உனக்குத் தெரிந்த கதைதான். ஆனால் பேருந்தில் இனப்பிரிவினை ஒழிந்தது பார்க்ஸ் அம்மாவின் வழக்கால் இல்லை. எனக்கே இங்கே வந்துதான் தெரிந்தது. அவர் மேல் போட்டது மாநிலக் கோர்ட்டில் கிரிமினல் கேஸ். அது மேல்முறையீடு, வாய்தா என்று இழுத்துக்கொண்டே போகும் என்று அவர்களுடைய வக்கீல் பிரெட் கிரேக்குத் தெரிந்திருந்தது. அப்போது அவருக்கு வயது 25. அவர் என்ன செய்தார் தெரியுமா? அந்தக் கேஸை அதன் பாட்டுக்கு விட்டுவிட்டு, வேறு பெண்களை மனுதாரர்களாக வைத்து 1956 பிப்ரவரி 1-ஆம் தேதி பெடரல் கோர்ட்டில் தனியாக ஒரு சிவில் வழக்கு போட்டார். பிரௌடர் எதிர் கேய்ல். கேய்ல் என்பவர் ஊர் மேயர். மனுதாரர்களில் கிளாடெட் கால்வின் என்ற பெண் பார்க்ஸுக்கும் ஒன்பது மாதம் முன்னாலேயே பேருந்தில் எழுந்திருக்க மறுத்துக் கைதானவள், அப்போது அவளுக்குப் பதினைந்து வயது. எந்தக் கேஸை எந்தக் கோர்ட்டில் போடுவது என்பதிலேயே பாதி ஜெயம் என்று நீ ஜூனியர்களுக்குச் சொல்வாயே, அதைத்தான் இந்த மனிதர் செய்திருக்கிறார்.

மாநிலச் சட்டத்தையே எதிர்க்கும் வழக்கு என்பதால் மூன்று ஜட்ஜ் அமர்வு. ரைவ்ஸ், லின், ஜான்சன். ஜான்சனுக்கு 37 வயது. பதவிக்கு வந்து சில மாதங்கள்தான். விசாரணை முடிந்து மூவரும் உள்ளே போய் உட்கார்ந்தபோது, வழக்கப்படி இளையவர்தான் முதலில் கருத்துச் சொல்ல வேண்டும். பிரிவினை செல்லாது என்றார் ஜான்சன். ரைவ்ஸ் சேர்ந்துகொண்டார். லின் மட்டும் மறுத்தார். 1956 ஜூன் 5-ஆம் தேதி தீர்ப்பு, இரண்டுக்கு ஒன்று.

லின் எழுதிய மறுப்பையும் தள்ளிவிட முடியாது, சங்கரா. 1954-ல் உச்ச நீதிமன்றம் பிரிவினை கூடாது என்று சொன்னது பள்ளிக்கூடத்துக்கு. 'தனித்தனி, ஆனால் சமம்' என்ற 1896-ஆம் வருஷத்து ரயில்வண்டித் தீர்ப்பை அது வெளிப்படையாக ரத்து செய்யவில்லை. மேல்கோர்ட் ரத்து செய்யாததை நாம் எப்படி மீறுவது என்று அவர் கேட்டார். நம் ஊரில் ஒரு ஜில்லா ஜட்ஜ் "இந்த மேல்கோர்ட் தீர்ப்பு செத்துப்போய்விட்டது, அவர்கள் இன்னும் சொல்லவில்லை, அவ்வளவுதான்" என்று எழுதினால் என்ன ஆகும்? அடுத்த வாரமே வேறு ஊருக்கு மாற்றல் வந்திருக்கும். ஜான்சனும் ரைவ்ஸும் அதைத்தான் எழுதினார்கள். நவம்பர் 13-ஆம் தேதி வாஷிங்டனில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. இதில் ஒரு கூத்து என்னவென்றால், அதே நாள் மாநிலக் கோர்ட்டில் மார்ட்டின் லூதர் கிங் பிரதிவாதியாக உட்கார்ந்திருக்கிறார். பேருந்தை விட்டவர்கள் ஒருவருக்கொருவர் காரில் இடம் கொடுத்துப் போனார்களே, அதற்குத் தடை வாங்க நகராட்சி போட்ட கேஸ். உச்ச நீதிமன்றச் செய்தி அந்தக் கோர்ட்டுக்குள்ளேயே அவர் கைக்கு வந்து சேர்ந்திருக்கிறது. மாநில ஜட்ஜ் தடையும் கொடுத்தார். இரண்டு ஏணி என்றேனே, அதை இதைவிடத் தெளிவாக நான் சொல்ல முடியாது.

ஆயுள் பதவி என்று நீ கேலி செய்கிறாயே, அந்த ஜான்சனை யாரும் மாற்றல் செய்ய முடியாது, சம்பளத்தைக் குறைக்க முடியாது. அரசியல் சாசனத்திலேயே இருக்கிறது. ஆனால் அக்கம்பக்கத்தார் அப்படியே இருந்தார்களே! மிரட்டலாக வீட்டு முன்னால் சிலுவையைக் கொளுத்தினார்கள். 1967-ல் அவர் அம்மாவின் வீட்டில் குண்டு வெடித்தது. மகனுக்கு வைத்த குண்டு என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அந்த அம்மாவுக்கு நல்ல வேளையாக ஒன்றும் ஆகவில்லை. ரைவ்ஸ் இதே ஊரில் பிறந்து வளர்ந்தவர். கார் விபத்தில் செத்துப்போன அவருடைய மகனின் கல்லறையில் குப்பையைக் கொட்டினார்கள். இதைப் படித்த அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. வாஷிங்டனில் இருக்கும் ஒன்பது பேருக்குத் தீர்ப்பு எழுதுவது வேறு. தீர்ப்பு எழுதிவிட்டு மறுநாள் அதே ஊர்க் கடையில் ரொட்டி வாங்கப் போவது வேறு. இந்த நாட்டு பெடரல் கோர்ட்டின் கதை என்று நான் நினைப்பது இந்த இரண்டாவதைத்தான்.

கோர்ட்டுக்குப் பின்பக்கம் ஒட்டினாற்போல கிரேஹவுண்ட் என்ற பேருந்து கம்பெனியின் பழைய நிலையம் இருக்கிறது, இப்போது சின்ன அருங்காட்சியகம். 1961 மே 20-ஆம் தேதி பேருந்துப் பிரிவினையை எதிர்த்து, வெள்ளையரும் கறுப்பரும் ஒன்றாகப் பயணம் செய்து வந்து இறங்கிய இளைஞர்களை ஒரு கும்பல் இங்கேதான் அடித்து நொறுக்கியது. சிலர் தடுப்புச் சுவரைத் தாண்டிக் கீழே கோர்ட் பக்கம் குதித்துத் தப்பினார்கள். பக்கச் சுவரில் ஒரு வாசலைச் செங்கல் வைத்து அடைத்திருக்கிறார்கள். அதுதான் கறுப்பருக்கான தனி வாசலாக இருந்ததாம். செங்கல்லின் நிறம் கொஞ்சம் மாறியிருப்பதால் கதவின் அளவு அப்படியே தெரிகிறது. பேத்தி அதில் கையை வைத்து அளந்து பார்த்தாள். கும்பலுக்கும், அப்புறம் மாண்ட்கோமரி போலீஸுக்கும் தடை உத்தரவு போட்டது இதே ஜான்சன். கூடவே, பயணத்தை நடத்தியவர்களையும் கொஞ்ச நாளைக்குச் சும்மா இருங்கள் என்று நிறுத்தினார். யாருடைய ஆளும் இல்லை அவர். 1965-ல் கறுப்பினத்தவரின் ஓட்டுரிமைக்காக செல்மா என்ற ஊரிலிருந்து நடைபயணம் போக வந்தபோதும் முதலில் 'விசாரித்து முடிக்கும் வரை நடக்காதீர்கள்' என்றுதான் உத்தரவு. அப்புறம் விசாரித்தார், அனுமதித்தார். அப்போது கவர்னராக இருந்த, பிரிவினையை விடாமல் பிடித்துக்கொண்டிருந்த வாலஸ், சட்டக் கல்லூரியில் ஜான்சனோடு படித்தவர் என்பது இன்னொரு வேடிக்கை.

சரி, இந்த அதிகாரம் ஆரம்பத்திலிருந்தே இருந்ததா என்றால், இல்லை. 1789-ல் சட்டம் போட்டு உச்ச நீதிமன்றத்துக்கு ஆறு ஜட்ஜ், பதின்மூன்று ஜில்லா கோர்ட் என்று வைத்தார்கள். உச்ச நீதிமன்ற ஜட்ஜுகளே குதிரை வண்டியில் ஊர் ஊராகப் போய்க் கேஸ் கேட்க வேண்டும், சேற்றிலும் மழையிலும். முதல் தலைமை நீதிபதி ஜான் ஜே, நியூயார்க் கவர்னர் வேலை கிடைத்ததும் 1795-ல் விட்டுவிட்டுப் போனார். திரும்பக் கூப்பிட்டபோது, அந்த கோர்ட்டுக்கு வலுவும் இல்லை, மரியாதையும் இல்லை என்று வர மறுத்துவிட்டார். அவர் வராததால் வந்தவர்தான் ஜான் மார்ஷல்.

மார்பரி கேஸ் நீ சட்டக் கல்லூரியில் படித்தது. எனக்கு அதில் பிடித்தது குமாஸ்தா சமாச்சாரம். மார்பரி என்பவருக்கு ஒரு சின்ன ஜட்ஜ் பதவிக்கான நியமன உத்தரவில் கையெழுத்து ஆயிற்று, முத்திரை வைத்தாயிற்று, பட்டுவாடா மட்டும் ஆகவில்லை. பட்டுவாடா செய்ய வேண்டிய அலுவலகத்தின் தலைவர் யார்? அப்போது வெளியுறவுச் செயலராக இருந்த அதே மார்ஷல்! தன் மேஜையில் நின்றுபோன தபாலைப் பற்றி 1803-ல் தானே தீர்ப்பு எழுதினார். மார்பரிக்கு உரிமை உண்டு, ஆனால் இந்த கோர்ட் நேரடியாக மாண்டமஸ் (அதிகாரியைக் கடமையைச் செய்யச் சொல்லும் உத்தரவு) கொடுக்கலாம் என்ற சட்டப் பிரிவு அரசியல் சாசனத்துக்கு முரண், ஆகவே செல்லாது, மனு தள்ளுபடி. மனுதாரருக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. கோர்ட்டுக்கு மட்டும் சட்டத்தையே ரத்து செய்யும் அதிகாரம் கிடைத்தது. அவர்கள் சாசனத்தில் இது எங்கும் எழுதியிருக்கவில்லை. நம்முடையதில் 13-ஆவது பிரிவாக எழுதியே வைத்துவிட்டார்கள்.

இப்போது உன் பாதிக்கு வருகிறேன். ஆயுள் பதவி நல்லவனுக்கும் கெட்டவனுக்கும் ஒரே மாதிரிதான் வேலை செய்யும். 1857-ல் டிரெட் ஸ்காட் வழக்கில், கறுப்பினத்தவர் இந்த நாட்டின் குடிமக்களாகவே முடியாது என்று எழுதிய டேனியும் ஆயுள் ஜட்ஜ்தான். தீர்ப்பு நல்லதாக இருந்தாலும், நிறைவேற்ற ஆள் வேண்டும். நான் இருக்கும் இந்த ஜார்ஜியாவிலேயே 1832-ல் செரோக்கி பழங்குடியினர் மண்ணில் மாநிலச் சட்டம் செல்லாது என்று மார்ஷல் தீர்ப்புச் சொன்னார். ஆறு வருஷம் கழித்து அவர்களைப் பட்டாளம் வைத்து ஓட்டிவிட்டார்கள். டிக்ரி வாங்கிவிட்டு அமீனாவுக்குக் காத்திருக்கும் கட்சிக்காரன் கதைதான்.

கோர்ட்டின் இந்த அதிகாரத்தைக் கண்டு பயந்தவர்களும் உண்டு. 1930-களில் ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டின் சட்டங்களை உச்ச நீதிமன்றம் வரிசையாகக் கவிழ்த்ததைப் பார்த்தவர் பிராங்க்பர்ட்டர். அப்புறம் அவரே அங்கே ஜட்ஜ் ஆனார். 1947-ல் நம் சாசன ஆலோசகர் பி.என். ராவ் இங்கே வந்தபோது, அவர்களுடைய 'டியூ ப்ராசஸ்' (நியாயமான நடைமுறை) வாசகத்தை எடுத்துக்கொள்ளாதீர்கள், மக்கள் தேர்ந்தெடுத்த சபை போட்ட சட்டத்தை நாலு ஜட்ஜ் கையில் கொடுத்த மாதிரி ஆகிவிடும் என்று சொன்னவர் அவர். அந்தப் பேச்சின் விளைவுதான் நம் 21-ஆவது பிரிவில் இருக்கும் 'சட்டம் வகுத்த நடைமுறைப்படி'. அது யார் தலையில் விடிந்தது? 1950-ல் ஏ.கே. கோபாலன் எதிர் மதராஸ் மாநிலம். விசாரணை இல்லாமல் உள்ளே வைத்ததை எதிர்த்து வந்தவரிடம், சட்டம் இருக்கிறது, நடைமுறை இருக்கிறது, போய் வா என்றார்கள். அதைத் திருத்த 1978-ல் மேனகா காந்தி வழக்கு வரை ஆயிற்று. வாஷிங்டனில் ஒரு ஜட்ஜ் சொன்ன யோசனை, மதராஸ் சிறையில் ஒரு மனிதனுக்குக் கதவை மூடியிருக்கிறது. இதை நாம் அறுபது வருஷமாகப் பேசிக்கொள்ளவே இல்லையே!

வயது விஷயத்தில் மட்டும் நான் உன் கட்சி. ஹைகோர்ட்டுக்கு 62, டெல்லிக்கு 65 என்று நாம் வைத்தது சரி. இங்கே கான்சாஸில் வெஸ்லி பிரவுன் என்று ஒரு ஜட்ஜ், கென்னடி போட்டவர், 2012-ல் 104 வயதில் சாகும் வரை பெடரல் ஜட்ஜாகவே இருந்தார். மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு கேஸ் கேட்டிருக்கிறார்! அவருடைய பெஞ்ச் கிளார்க்கை நினைத்தால்தான் எனக்குப் பாவமாக இருக்கிறது.

தை மாதம் ஊருக்கு வருகிறேன். உன் பரணில் ஏ.ஐ.ஆர். தீர்ப்புத் தொகுப்பின் 1950 வால்யூம் இருக்கும், கரையான் விட்டுவைத்திருந்தால் இறக்கித் தூசி தட்டி வை. கோபாலன் வழக்கில் பசல் அலி எழுதிய மாறுபட்ட தீர்ப்பை மறுபடியும் பார்க்க வேண்டும். நீ கண்ணை மூடிக்கொண்டு சாய்வு நாற்காலியில் உட்கார், நான் வாசிக்கிறேன். சொட்டு மருந்தை மறக்காதே. மதினியிடம் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
உன் பழைய பெஞ்ச் கிளார்க்